கதவு திறப்பதற்கு முன்

மார்ச் 3, செவ்வாய்

காலையில் எழுந்ததும் முதல் வேலையாகக் குளியலறைக் கண்ணாடி முன் நின்று சிரித்துப் பார்த்தேன். வெறுமனே பல்லைக் காட்டிப் பார்க்கவில்லை, வாய்விட்டு, சத்தமாக. முதல் முயற்சி இருமல் மாதிரி வந்தது. அடுத்ததைக் கேட்டு இவர் வந்து கதவைத் தட்டினார். "என்னம்மா, வழுக்கி விழுந்துட்டியா?"

விழவில்லை. நேற்று சாயங்காலம் தம்பியின் படத்தை ஆரம்பத்திலிருந்து கடைசிவரை நிறுத்தாமல் ஓட்டிப் பார்த்தேன். சிரிப்புப் படம். மாதக்கணக்கில் நான்தான் அதை வெட்டி ஒட்டிக்கொண்டிருக்கிறேன். ஓர் இடத்தில்கூடச் சிரிப்பு வரவில்லை. கோளாறு படத்திலா, என்னிலா என்று தெரிந்துகொள்ளத்தான் கண்ணாடியிடம் போனேன்.

இவரிடம் சொன்னேன். இவர் பல் டாக்டர். வாயைப் பற்றிய எந்தக் கேள்வியையும் விளையாட்டாக எடுத்துக்கொள்ள மாட்டார். "ஒரே ஜோக்கை நூறு தடவை கேட்டா யாருக்குச் சிரிப்பு வரும்?" என்றார். நியாயம்தான். என்றாலும் முதல் தடவை பார்த்தபோது சிரித்தேனா? ஞாபகப்படுத்திப் பார்க்கிறேன். இல்லை என்றுதான் தோன்றுகிறது.

வெள்ளிக்கிழமை வெளியாட்களுக்குப் போட்டுக் காட்டுகிறார்கள். அன்று தெரிந்துவிடும்.

மார்ச் 4, புதன்

கதையை ஒருமுறை எனக்கே எழுதிப் பார்க்கிறேன். எங்கே இடறுகிறது என்று தெரியட்டும்.

பழைய மேடை நாடகம். இரட்டைப் பிள்ளைகள், கைக்குழந்தையிலேயே பிரிந்துபோனவர்கள். அண்ணன் ஓர் ஊரில் தலைமையாசிரியர், கண்டிப்பானவர். தம்பி ஊர் ஊராகப் போய்க் குடை விற்கிறவர். ஒருவர் இருப்பதே மற்றவருக்குத் தெரியாது. ஒரு மழைநாளில் எல்லாக் குடையையும் விற்றுவிட்டு, தான் மட்டும் நனைந்துகொண்டு குடைக்காரர் அந்த ஊருக்கு வருகிறார். ஆசிரியரின் மனைவி அவரைத் தன் கணவர் என்றே நினைத்து உள்ளே இழுத்துப்போய், கணவருடைய உடுப்பை மாற்றிக்கொள்ளச் சொல்லி, உட்காரவைத்துச் சாப்பாடு போடுகிறாள். நிஜக் கணவர் வந்து கதவைத் தட்டினால், "எங்க மாமா உள்ள சாப்பிட்டுக்கிட்டு இருக்காரு, நீ யாருய்யா?" என்று மனைவியின் தங்கை விரட்டுகிறாள். அதற்குப் பிறகு ஒரே உடுப்பில் இரண்டு பேர் ஊரெல்லாம் மாறிமாறி அகப்பட்டுக்கொள்வதுதான் மிச்சக் கதை.

இதை நான் கல்லூரியில் படிக்கும்போது மேடையில் பார்த்தேன். அண்ணனாக நடித்தவர் ஒட்டடைக் குச்சி மாதிரி உயரம். தம்பியாக நடித்தவர் குட்டை, தொப்பை வேறு. இரண்டு பேருக்கும் ஒரே பழுப்பு நிறக் கோட்டு. மனைவி அந்தக் குட்டையானவரைத் தடவிப் பார்த்து, "என்னங்க, பள்ளிக்கூடத்துல ரொம்ப வேலையா, இளைச்சுப்போயிட்டீங்க" என்றதும் கொட்டகை அதிர்ந்தது. என் தம்பி அப்போது சின்னப் பையன். என் மடியில் உட்கார்ந்து சிரித்துச் சிரித்து விக்கல் வந்து, தண்ணீர் குடிக்க வெளியே தூக்கிக்கொண்டு போக வேண்டியதாகிவிட்டது.

படத்தில் இரண்டு வேடமும் ஒரே நடிகர். என் தம்பியின் பிடிவாதம் அதோடு நிற்கவில்லை. நடை, குரல், சிரிப்பு எல்லாம் ஒன்றாகவே இருக்க வேண்டும் என்றான். "மேடைல ரெண்டு பேருக்கும் வித்தியாசம் தெரியும்கா, அதனால யாரும் ஏமாறல. சினிமாலதான் நிஜமாவே ஏமாத்த முடியும். பொண்டாட்டி மட்டும் இல்ல, பார்க்கறவங்களும் குழம்பணும்."

நான் என்ன சொன்னேன்? "சரிடா, உன் படம்."

அது மரியாதையா, அலுப்பா? அப்போது யோசிக்கவில்லை.

மார்ச் 6, வெள்ளி

முடிந்தது. வீட்டுக்கு வந்து முகம் கழுவிவிட்டு எழுதுகிறேன்.

சின்ன அரங்கு. சினிமாவோடு எந்தத் தொடர்பும் இல்லாதவர்களாகப் பார்த்து அழைத்திருந்தார்கள். எப்போதும்போல் நான் கடைசி வரிசை. எனக்குத் திரை தேவையில்லை, பின்தலைகள் போதும். சிரிப்பு வந்தால் தலைகள் குலுங்கும். அலுப்பு வந்தால் சரியும்.

இன்று தலைகள் ஒன்றையொன்று நோக்கிச் சாய்ந்தன.

"இது யாரு?"

"வாத்தியார்."

"வாத்தியார் ஸ்கூலுக்குப் போயிட்டாரே."

"அப்ப குடைக்காரன். இல்ல இல்ல, இரு."

பேருந்து நிலையத்தில் வழி கேட்பவர்களின் குரல். எனக்கு முன்வரிசையில் ஒருவர் மனைவியின் கைப்பையை வாங்கி அதற்குள் மிட்டாய் தேட ஆரம்பித்தார். கதவு தட்டும் காட்சியில், அன்று நாடகக் கொட்டகையே சிரித்து உருண்ட இடத்தில், ஒரு செல்போன் வெளிச்சம் மட்டும் எரிந்து அணைந்தது. மொத்த அரங்கிலும் குழம்பாமல் இருந்தது படத்தில் வரும் மனைவி ஒருத்திதான்.

தம்பி முதல் வரிசையில் இருந்தான். திரும்பிப் பார்க்கவே இல்லை. விளக்கு வந்ததும் பக்கவாட்டுக் கதவு வழியாகப் போய்விட்டான்.

அரங்குக்கு வெளியே நடையில் தயாரிப்பாளர் என்னை நிறுத்தினார். நல்ல மனிதர், குரல் உயர்த்த மாட்டார். அதனால்தான் பயமாக இருந்தது.

"மேடம், உள்ள ஜனங்க வழி தெரியாம நிக்கறாங்க. நீங்க ஒண்ணு பண்ணுங்க. எல்லாம் விளங்கற மாதிரி, உங்களுக்குத் தோணினபடி தனியா ஒரு வெர்ஷன் போடுங்க. டைரக்டர் சாருக்கு இப்போதைக்குத் தெரிய வேணாம்."

"தெரியாம எப்படி சார்?"

"இருபதாம் தேதி திரும்பப் போட்டுக் காட்டப் போறேன். அன்னிக்கும் சிரிப்பு வரலேன்னா படத்தை வேற டைரக்டர்கிட்ட குடுத்துடுவேன். அவர் திரும்ப எடுக்கறதை எடுத்து, வெட்டறதை வெட்டி, அவர் பேரைப் போட்டுக்கட்டும். எனக்கும் வேற வழி தெரியல."

தம்பியின் முதல் படம் வந்த சுவடு தெரியாமல் போனது. இதுவும் கையை விட்டுப் போனால் மூன்றாவது என்று ஒன்று அவனுக்குக் கிடைக்காது. இது தயாரிப்பாளருக்குத் தெரியும், எனக்குத் தெரியும், முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தவனுக்கும் தெரியும்.

நான் சரி என்று சொல்லவில்லை. முடியாது என்றும் சொல்லவில்லை. தலையை ஆட்டினேன். எந்தப் பக்கம் ஆட்டினேன் என்று எனக்கே தெரியாது. அவருக்குத் தெரிந்திருந்தது போலிருக்கிறது. "ரொம்ப நன்றி மேடம்" என்றார்.

மார்ச் 7, சனி

தம்பி போனை எடுக்கவில்லை.

மார்ச் 9, திங்கள்

எடிட்டிங் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தேன். ஜன்னல் இல்லாத அறை. இரண்டு திரை, ஒரு நாற்காலி எனக்கு, ஒரு சோபா அவனுக்கு. சோபாவில் அவன் படுத்துக்கொண்டு, "அதுக்கு முந்தினதைப் போடு, இல்ல, அதுக்கும் முந்தினது" என்று சொல்லிக்கொண்டிருப்பான். இன்று சோபா காலி. ஓரத்தில் அவனுடைய ஸ்வெட்டர் கிடந்தது. மடித்து வைத்தேன், அதற்கு மேல் என்ன செய்வது என்று தெரியாமல்.

பிறகு வேலையை ஆரம்பித்தேன். ஆமாம், அவர் சொன்ன அந்த வெர்ஷனைத்தான்.

முதலில் குடைக்காரர் ஊருக்குள் வரும்போது ஒரு பின்னணிக் குரல். "இவர் தலைமையாசிரியர் அல்ல, அவருடைய தம்பி." ஒவ்வொரு காட்சிக்கும் முன்னால் எங்கே நடக்கிறது, யாருக்கு நடக்கிறது என்று திரையில் ஒரு வரி எழுத்து. இரண்டு பேரும் சந்துகளில் ஒருவரையொருவர் பார்க்காமல் கடந்துபோகும் இடங்களை நீளமாக்கினேன். கை நன்றாக ஓடியது. வெட்கமாக இருக்கிறது, எவ்வளவு நன்றாக ஓடியது என்று எழுத.

மார்ச் 10, செவ்வாய்

அம்மா போன் செய்தாள். தம்பி அம்மாவோடுதான் இருக்கிறான்.

"சின்னவன் சாப்பிடறான், தூங்கறான், பேசமாட்டேங்கறான். நீ ஏதாவது சொன்னியாடி?"

"நான் ஒண்ணும் சொல்லலம்மா."

"அதைத்தான் கேக்கறேன். ஏதாவது சொல்ல வேண்டியதுதானே."

மார்ச் 12, வியாழன்

புது வெர்ஷன் ஒரு வடிவத்துக்கு வந்துவிட்டது. தப்பு என்று தெரிந்தும், யாரிடமாவது காட்டாமல் இருக்க முடியவில்லை. க்ளினிக் இடைவேளையில் இவரை வரவழைத்துப் போட்டுக் காட்டினேன். இவர் முழுப் படத்தையும் பார்ப்பது இதுவே முதல் தடவை. கையைக் கட்டிக்கொண்டு கவனமாகப் பார்த்தார். எக்ஸ்ரே பார்க்கிற முகம்.

"எப்படி இருக்கு?"

"புரியுது."

"அப்புறம்?"

"நல்லாப் புரியுது."

"சிரிப்பு வந்துச்சா?"

"இல்லம்மா. ஆனா எங்க சிரிக்கணும்னு புரிஞ்சுது."

கல்யாணமான நாளிலிருந்து இவர் என்னிடம் பொய் சொல்லிப் பார்த்ததில்லை. இன்று ஒருநாள் சொல்லியிருக்கலாம்.

மார்ச் 13, வெள்ளி

ஏன் இதைச் செய்யறேன்? அவனைக் காப்பாத்தவா? அவன் என்னைக் கேட்டானா? அவன் படத்தை அவனுக்குத் தெரியாம நான் மாத்தி, அது ஓடினா — அது யாரோட படம்? ஓடலேன்னா இன்னும் மோசம். அக்காவும் சேர்ந்துதான் கழுத்தை அறுத்தாள்னு ஆகும்.

முடியாதுன்னு ஒரு வார்த்தை அங்கேயே சொல்லியிருக்கணும். வாய்ல என்ன கொழுக்கட்டையா இருந்துச்சு?

ஆனால் ஒன்று. அவனிடம் போய் "உன் படம் சிரிப்பாக இல்லை" என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அவன் சின்ன வயதில் படம் வரைந்து கொண்டுவருவான். குதிரைக்கு ஐந்து கால் இருக்கும். ஒரு காலை நான் அழித்துக் கொடுப்பேன், அவன் கவனிக்காதபோது. அவனுக்கு இப்போது முப்பத்தாறு வயது. இன்னும் ரப்பரோடு பின்னால் அலைகிறேன்.

மார்ச் 15, ஞாயிறு

இன்று நடந்ததை விடாமல் எழுத வேண்டும்.

எல்லாவற்றையும் சொல்லிவிடுவது என்று கிளம்பி அம்மா வீட்டுக்குப் போனேன். மாடிப்படி ஏறும்போதே சிரிப்புச் சத்தம். அம்மாவுடையது. அம்மா அளவுக்கு மீறிச் சிரித்தால் மூக்கில் விசிலடிக்கும். அந்த விசில் கேட்டது.

கதவு திறந்தே கிடந்தது. கூடத்தில் டிவி, டிவியில் எங்கள் படம். முன்பு போட்டுக் காட்டிய அதே படம், ஒரு மாற்றமும் இல்லாமல். அம்மா சோபாவில், மடியில் உலர்ந்த துணிக் குவியலோடு. தம்பி தரையில் உட்கார்ந்து, டிவிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தான். நான் வாயைத் திறப்பதற்குள் உதட்டில் விரல் வைத்தான்.

கதவு தட்டும் காட்சி. தலைமையாசிரியர் வெளியே மழையில் நின்று தட்டுகிறார். குடைக்காரர் உள்ளே சாப்பிடுகிறார். "படவா," என்று அம்மா தொடையில் அடித்துக்கொண்டு சிரித்தாள். "எப்படி ஓடிவந்து நிக்கறான் பாரு. ஒண்ணும் தெரியாத மாதிரி மூஞ்சி வேற."

எனக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. நின்றுகொண்டே பார்த்தேன். மனைவி அவருக்கு இரண்டாவது தடவை சோறு போடுகிற இடத்தில் விசில். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளிடம் குடை விலை சொல்கிற இடத்தில் விசில். கடைசியில் இரண்டு பேரும் எதிரெதிரே வந்து நிற்கும் காட்சி வந்தது. அம்மாவின் முகம் விழுந்துவிட்டது.

"யாருடா இது, இன்னொருத்தன்?"

"அவன் தம்பிம்மா. இரட்டைப் பிள்ளைங்க. ஆரம்பத்துலயே வருதே," என்றான் தம்பி.

"ஆரம்பத்துல பெரியம்மா போன் பண்ணிட்டா. நான் அந்த ரூம்ல பேசிக்கிட்டு இருந்தேன்."

"அப்ப இவ்வளவு நேரம் என்னன்னு நினைச்சுப் பார்த்தீங்க?" என்று நான் கேட்டேன்.

"நீ எப்ப வந்த? ஒருத்தன்தான்னு நினைச்சேன். வாத்தியார் வேலை அலுத்துப்போச்சு அவனுக்கு. திடீர்னு ஒருநாள் குடைக்காரன் மாதிரி வந்து நின்னு பொண்டாட்டியை ஆட்டிவைக்கறான். அவ நம்பறா. அதுக்கப்புறம் அவனால வெளிய வர முடியல, மாட்டிக்கிட்டான்னு."

"கதவுக்கு உள்ளயும் வெளியயும் எப்படிம்மா ஒருத்தனே இருப்பான்?"

"பின்பக்க ஜன்னல் வழியா குதிச்சு சுத்தி வந்திருப்பான். அதான் அவனுக்கு அப்படி மூச்சு வாங்குது."

மூச்சு வாங்குவது உண்மை. பள்ளிக்கூடத்திலிருந்து மழையில் ஓடிவருகிறார்.

அம்மா துணிகளை மடிக்கத் தொடங்கினாள். "நல்லாத்தான் போய்க்கிட்டிருந்துச்சு. கடைசில ரெண்டாவது ஆளைக் கொண்டுவந்து கெடுத்துட்ட."

வீட்டில் கதை சொன்னால் நீர்த்துப்போய்விடும் என்று தம்பி எந்தக் கதையையும் அம்மாவிடம் சொல்வதில்லை. அம்மா நாடகக் கொட்டகைப் பக்கமே போனவள் இல்லை. அங்கே கத்துவார்கள் என்பாள். இன்று காலை, "அப்படி என்னதான்டா எடுத்துத் தொலைச்ச, போடு பார்க்கறேன்" என்று அவளாகத்தான் கேட்டிருக்கிறாள்.

தம்பி அப்படியே தரையில் மல்லாந்து படுத்துவிட்டான். முகத்தைக் கையால் மூடிக்கொண்டான். தோள் குலுங்கியது. ஐயோ என்று பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். கையை எடுத்தான். சிரித்துக்கொண்டிருந்தான்.

"அக்கா, அம்மா ஒருத்திதான் இந்தப் படத்துல எங்கயும் குழம்பல."

"தப்பாத்தானேடா புரிஞ்சுக்கிட்டாங்க."

"தப்போ சரியோ. ஒவ்வொரு சீன்லயும் வந்து நிக்கறவன் யாருன்னு அம்மாவுக்குத் தெரியும். பொண்டாட்டிக்குத் தெரியாது. அதுலதான் சிரிப்பே இருக்கு. நான் எல்லாரையும் சேர்த்துக் குழப்பிட்டேன். குழம்பிப் போயிருக்கறவன் எப்படிச் சிரிப்பான்?" எழுந்து உட்கார்ந்தான். "நான் நினைச்சதே தப்பு. அவ்வளவுதான்."

இதைத்தான் நான் சொல்ல வந்தேன். இதைவிட மோசமான வார்த்தைகளில். அவனே சொல்லிவிட்டான், சிரித்துக்கொண்டே. அவனுக்கு ஒன்றும் ஆகவில்லை. இத்தனை நாள் இதைச் சொன்னால் இடிந்துபோவான் என்று யாரை நினைத்துப் பயந்தேன்?

அந்த வெர்ஷன் பற்றி மட்டும் இன்றும் சொல்லவில்லை. அம்மா முன்னால் வேண்டாம் என்று. சரி, அது சாக்குத்தான்.

மார்ச் 16, திங்கள்

எனக்கு முன்னால் வந்து அறை வாசலில் நின்றிருந்தான். ஸ்வெட்டரை எடுத்துப் போட்டுக்கொண்டு சோபாவில் உட்கார்ந்தான், படுக்கவில்லை.

"கதவு வர்ற எல்லா சீனோட டேக்கும் போடுக்கா. வெட்டாம, முழுசா. ரெண்டு பேரையும் பிரிச்சுக் காட்ட ஏதாவது கிடைக்குதா பார்ப்போம்."

கேமரா ஓட ஆரம்பித்துவிடும், க்ளாப் பலகை அடித்துவிட்டுப் போய்விடுவார்கள், அதற்குப் பிறகுதான் இவன் 'ஆக்‌ஷன்' என்பான். அந்த இடைவெளியில் நடிகர் சும்மா நின்றுகொண்டிருப்பார். நாங்கள் அதை ஷாட்டின் தலை என்போம். தலையை வெட்டிப் போடுவதுதான் எடிட்டரின் முதல் வேலை. யோசிக்காமல் செய்கிற வேலை, காய் நறுக்குமுன் காம்பைக் கிள்ளுவது மாதிரி.

போட்டேன்.

சாத்திய கதவு. அதற்கு முன்னால் நடிகர் தனியாக நிற்கிறார். குடைக்காரர் காட்சி என்றால் கதவை மேலிருந்து கீழாக ஒருமுறை அளக்கிறார், இந்த வீட்டில் வியாபாரம் ஆகுமா என்பதுபோல. ஒரு புன்னகையைப் போட்டுப் பார்க்கிறார், பிடிக்கவில்லை, எடுத்துவிட்டு வேறொன்றைப் போடுகிறார். தலைமையாசிரியர் காட்சி என்றால் சட்டைக் கையை இழுத்துவிடுகிறார். தொண்டையைச் சத்தமில்லாமல் செருமிக்கொள்கிறார். கதவுதான் தவறு செய்த மாணவன் என்பதுபோல் அதை முறைக்கிறார். எல்லா டேக்கிலும், எல்லாக் கதவுக்கும் முன்னால். இவன் சொல்லிக்கொடுத்ததில்லை. கேமரா ஓடுகிறது என்ற நினைப்பே இல்லாமல் அவர் தன்னைத் தயார் செய்துகொண்ட நேரம் அது.

"இது குடைக்காரன்," என்று தம்பி திரையைத் தொட்டான். "இது வாத்தியார். ஒரு எழுத்து வேணாம், ஒரு குரல் வேணாம். கதவு திறக்கறதுக்கு முன்னாடியே தெரியுதுக்கா. இதெல்லாம் எங்க இருந்துச்சு?"

"இங்கயேதான். நான்தான் வெட்டிப் போட்டேன்."

"அத்தனையுமா?"

"ஆக்‌ஷனுக்கு முன்னாடி இருக்கறதை வெட்டறதுதானேடா என் வேலை."

"அந்த வேலையை இப்ப நிறுத்து."

அப்போதுதான் சொன்னேன். ஒரு எழுத்து, ஒரு குரல் என்று அவன் சொன்னதும் அடக்க முடியவில்லை. தயாரிப்பாளர் நடையில் நிறுத்தியது, நான் தலையாட்டியது, கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்து செய்தது. அவன் முகத்தைப் பார்க்காமல் திரையைப் பார்த்துக்கொண்டே சொல்லி முடித்தேன்.

"போடு," என்றான்.

போட்டேன். கொஞ்ச நேரம் பார்த்தான்.

"புரியுதுக்கா," என்றான்.

அதே வார்த்தை. அதே முகம். எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்துவிட்டது. "ஏன் சிரிக்கற?" என்றான். உன் மாமாவும் இதையேதான் சொன்னார் என்று சொல்ல முயன்று, வாக்கியத்தை முடிக்க முடியவில்லை. அவனும் சேர்ந்துகொண்டான். வயிறு வலிக்கிற அளவுக்கு.

ஓய்ந்த பிறகு அவன் சொன்னான். "நானும் ஒண்ணு சொல்லணும். புரொட்யூசர் என்கிட்டயும் வந்தாரு. அதே நாள். நான் வெளிய கார்கிட்ட நின்னுக்கிட்டு இருந்தேன். 'உங்க அக்கா நல்லவங்கதான், ஆனா காமெடிக்கு வேற எடிட்டர் வெச்சுப் பார்க்கலாமா, அவங்களுக்கு இப்போதைக்குத் தெரிய வேணாம்'னாரு."

"நீ என்ன சொன்ன?"

"யோசிச்சுச் சொல்றேன்னேன்."

"யோசிச்சியா?"

"அதான் போன் எடுக்கல."

வலித்ததா? கொஞ்சம். அதைவிட, தோளில் ஏதோ பாரம் இறங்கியது மாதிரி இருந்தது. என்னை மாற்றலாமா என்று அவன் யோசித்திருக்கிறான். யோசிக்கத் தெரிந்திருக்கிறது.

மார்ச் 18, புதன்

கதவுகள். நாள் முழுக்கக் கதவுகள். ஒவ்வொரு காட்சியின் முன்னாலும் அவரைத் தனியே நிற்கவிடுகிறோம். எவ்வளவு நேரம் நிற்கவிடுவது என்று சண்டை. நான் ஒரு மூச்சளவு போதும் என்கிறேன், அவன் இன்னொரு மூச்சு வேண்டும் என்கிறான். பெரும்பாலும் அவன் சொல்வதுதான் சரியாக இருக்கிறது. என் வெர்ஷனை அழித்துவிட்டேன்.

மார்ச் 20, வெள்ளி

உள்ளே போக முடியவில்லை. அரங்கின் கதவுக்கு வெளியே, டிக்கெட் கிழிக்கிறவரின் ஸ்டூல் பக்கத்தில் நின்றுகொண்டேன்.

"உள்ள இடம் இருக்கும்மா."

"பரவால்ல, இங்கயே கேக்குது."

"பார்க்கற படம்மா அது," என்றார்.

குடைக்காரர் ஊருக்குள் வரும் இசை. மழை. அடுத்தது முதல் கதவு. கதவு திறக்கும் சத்தம் எனக்கு மனப்பாடம். அந்தச் சத்தத்துக்காகக் காத்திருந்தேன். அது வருவதற்கு முன்னாலேயே உள்ளே ஒரு சின்னச் சிரிப்பு கேட்டது. ஒரு பெண்ணின் குரல், அப்புறம் இரண்டு மூன்று பேர். புன்னகையைக் கழற்றி மாட்டுகிறார் போலிருக்கிறது. பிறகு கதவு திறந்தது. "என்னங்க இப்படி நனைஞ்சு வந்திருக்கீங்க" என்றாள் மனைவி. அவ்வளவுதான். அரங்கு மொத்தமும்.

சுவரைப் பிடித்துக்கொண்டேன். டிக்கெட் கிழிக்கிறவர் ஸ்டூலை என் பக்கம் தள்ளினார்.

கொஞ்ச நேரத்தில் கதவைத் தள்ளிக்கொண்டு தம்பி வெளியே வந்தான். அவனாலும் உட்கார முடியவில்லையாம். இரண்டு பேரும் மருத்துவமனையில் பிரசவ அறைக்கு வெளியே நிற்கிற மாதிரி சுவரில் சாய்ந்து நின்றோம். ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவில்லை.

"இப்ப வாத்தியார் சட்டைக் கையை இழுப்பாரு," என்றான் மெதுவாக.

உள்ளே சிரிப்பு.

"இப்ப மச்சினி ஜன்னலைத் திறப்பா."

சிரிப்பு. யாரோ கைதட்டிவிட்டார்கள்.

கதவு தட்டும் காட்சிக்கு அவன் எதுவும் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் எனக்குக் கேட்டிருக்காது.

மார்ச் 22, ஞாயிறு

தயாரிப்பாளர் போன் செய்தார். படம் அப்படியே போகும், பெயரும் அப்படியே. "நான் அப்பவே நினைச்சேன் மேடம், நீங்க ரெண்டு பேரும் சேர்ந்தா சரியா வரும்னு" என்றார். நான், "ஆமா சார்" என்றேன். தம்பிக்கும் இதேபோல் ஒரு போன் போயிருக்கும்.

அம்மாவிடம் சொன்னேன். "ரெண்டாவது ஆளை எடுத்துட்டீங்களா?" என்று கேட்டாள். இல்லை என்றேன். "என்னமோ போங்க" என்றாள். ஆனால் பெரியம்மாவுக்கு உடனே போன் போட்டாள், அதுவும் எனக்குக் கேட்கிற தூரத்தில்.

எழுந்திருக்க மனம் இல்லாமல் மத்தியானம் முழுக்கப் படுத்துக் கிடந்தேன். அலுப்பு இல்லை. எதையும் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டியதில்லை என்ற நிம்மதி. இவர் வந்து நெற்றியைத் தொட்டுப் பார்த்தார், காய்ச்சலோ என்று.

மார்ச் 27, வெள்ளி

ஒலி வேலைக்குப் படத்தைக் கொடுத்தாகிவிட்டது. அறையைத் துடைத்து, பழைய காகிதங்களைக் கிழித்துப் போட்டுக்கொண்டிருந்தேன். தம்பி வந்தான். சோபாவில் காலை நீட்டிப் படுத்துக்கொண்டான்.

"அடுத்ததுக்கு ஒண்ணு தோணுதுக்கா. சொல்லவா?"

எப்போதும் இப்படித்தான் ஆரம்பிக்கும். அவன் சொல்லுவான், நான் நடுவில் இரண்டு கேள்வி கேட்பேன், அவன் எழுதும்போதே எங்கே வெட்டுவது என்று எனக்குள் ஓட ஆரம்பித்துவிடும். படம் வரும்போது அதில் எனக்குத் தெரியாத ஒரு துளி மிச்சம் இருக்காது.

"இப்ப வேணாம்டா," என்றேன். "பாரு, எவ்வளவு குப்பை."

"சரி, அப்புறம் சொல்றேன். உன்கிட்ட சொல்லாம எனக்கு எழுதவே வராது."

"வரும்," என்றேன்.

நிமிர்ந்து பார்த்தான். நான் காகிதத்தைக் கிழித்துக்கொண்டிருந்தேன். நடிகரைப் பார்க்கப் போக வேண்டும் என்று கிளம்பிப் போனான். படியில் சீட்டி அடித்துக்கொண்டு இறங்குவது கேட்டது.

அவன் அடுத்த படத்தை நான் வெட்டப்போவதில்லை. கோபம் இல்லை, வருத்தம் இல்லை. வேறு ஒருவர் வெட்டட்டும், அவனோடு சண்டை போடட்டும். கதையை எனக்குச் சொல்ல வேண்டாம் என்று அவனிடம் கேட்டுக்கொள்ளப் போகிறேன், ஒரு வரிகூட. படம் வந்ததும் வரிசையில் நின்று உள்ளே போய், நடுவரிசையாகப் பார்த்து உட்காரப்போகிறேன். அடுத்து என்ன வரும் என்று தெரியாமல், என் தம்பி எடுத்த படத்தை, வாழ்க்கையில் ஒருமுறையாவது.

இவரிடம்கூட இன்னும் சொல்லவில்லை.